ஏலக் காசுக்குத் தவணை உண்டா?

கேள்வி: திருச்சி நீதிமன்ற ஏலத்தில் என் மச்சாள் (இந்தியப் பிரசை) 40 இலட்சம் ரூபாவுக்கு வீடு எடுத்திருக்கிறா. மிச்சக் காசுக்குத் தவணை கேட்கலாமா?
– வாசகி, வவுனியா

பதில்: கேட்டுப் பயனில்லை, அம்மா. ஏலம் முடிந்த கையோடு 25 வீதம், அதாவது 10 இலட்சம், கட்டியிருப்பா. மிச்சம் 30 இலட்சத்தையும் நீதிமன்றம் தரும் விற்பனைச் சான்றிதழுக்கான முத்திரைத்தாள் பணத்தையும் 15ஆம் நாள் நீதிமன்றம் மூடுமுன் கட்டவேண்டும். நீதிபதியாலும் இதை நீட்ட முடியாதென்று இந்திய உச்ச நீதிமன்றம் 1954இலேயே தீர்த்துவிட்டது.

பலர் வழுக்குவது வங்கிக் கடனில்தான். வங்கி விற்பனைச் சான்றிதழ் கேட்கும். அதுவோ நீதிமன்றம் விற்பனையை உறுதிசெய்த பிறகே வரும், விற்பனைக்கு எதிரான ஆட்சேபத்துக்கே 60 நாள் உண்டு. ஆகவே கைக்காசை இப்போதே திரட்டச் சொல்லுங்கள். தவறினால் மறு ஏலம். முன்பணம் பறிபோகலாம், விலை குறைந்தால் வித்தியாசமும் அவ தலையில்தான்.