கேளுங்க, சொல்றேன்: பவர் யார்ட்ட இருக்கு?

போன இதழ்ல ஒரு பதில்ல போற போக்குல ஹன்னா அரெண்ட்ங்கற அரசியல் சிந்தனையாளர் பேரை எழுதிட்டேன். அதிகாரம்ங்கறது தனி ஒருத்தர் சொத்து இல்ல, கூடி நிக்கிறவங்களுக்கு நடுவுல இருக்கறதுன்னு அந்தம்மா சொன்னதா ரெண்டே வரி. அதுக்கு வந்த கடுதாசி, வாட்ஸப் எல்லாம் சேத்தா ஒரு கட்டு. நம்ம செட்டிநாட்டுப் பக்கத்துல இருந்து வந்ததுல கொஞ்சம் எடுத்திருக்கேன், மத்தவங்க கோச்சுக்காதீங்க.

வாசகர், காரைக்குடி: தனி ஆள்ட்ட அதிகாரம் இருக்காதுங்கறீங்க. எங்க தெருவுக்கு வந்து பாருங்க. ஒரே ஒரு ஆள் போன் போட்டா போலீஸ் வருது, கரண்ட் வருது, தண்ணி வருது. அப்ப அவர்ட்ட இருக்கறது என்ன, புளிக்குழம்பா?

அவர்ட்ட இருக்கறது போன் நம்பர். அந்தப் பக்கம் எடுக்கறதுக்கு ஆள் இருக்கற வரைக்கும்தான் அது பவர்.

நீங்க சொல்ற மாதிரிதான் பெரிய பெரிய ஆளுங்களும் நெனச்சாங்க. 1919-ல ஜெர்மன் சமூகவியல் அறிஞர் மாக்ஸ் வெபர் ஒரு சொற்பொழிவுல, அரசுன்னா ஒரு எல்லைக்குள்ள அடிக்கறதுக்கு உரிமை தனக்கு மட்டும்தான்னு சொல்லி அதை ஜெயிச்சுக் காட்டற அமைப்புன்னு சொன்னார். அதாவது கடைசில எல்லாம் லத்தில போய் முடியுது. அரெண்ட் 1970-ல வன்முறை பத்தி எழுதின சின்ன புக்குல இதை அப்படியே திருப்பிப் போடறாங்க. லத்தி ஒரு கருவி, அதிகாரம் வேற, ரெண்டையும் ஒண்ணாப் போட்டுக் குழப்பாதீங்கங்கறாங்க. பத்துப் பேர் சேந்து ஒண்ணு செய்யறப்ப அவங்களுக்கு நடுவுல உண்டாகறதுதான் அதிகாரம், அவங்க கலைஞ்சா அதுவும் கலைஞ்சுடும். ஒருத்தரை 'பவர்ல இருக்கார்'னு சொல்றோம்ல, அதுக்கு அர்த்தமே, இத்தனை பேர் அவரைத் தங்களுக்காகச் செய்ய விட்டிருக்காங்கங்கறதுதான்.

எங்க ஊர்ல ஒரு கோடைல நடந்ததைச் சொல்றேன், ஊர் பேரு வேணாம். ஊருணிக் கரையை ஒட்டி ஒரு செல்வாக்கான ஆள் போர் போட்டு லாரில தண்ணி ஏத்தி வித்துக்கிட்டிருந்தார், ஊருணி வத்திப்போச்சு, மனு மேல மனு குடுத்தாச்சு, ஒண்ணும் நடக்கல. ஒருநா விடியக்காலம் முப்பது பொம்பளைங்க பச்சையும் ரோஸுமா பிளாஸ்டிக் குடத்தை எடுத்துட்டு வந்து லாரி போற பாதைல நின்னுட்டாங்க. கோஷம் இல்ல, கல்லு இல்ல. டிரைவர் ரெண்டு தடவை ஆரன் அடிச்சுப் பாத்தான், அப்புறம் எஞ்சினை ஆஃப் பண்ணிட்டு எறங்கி டயர் நெழல்ல குந்திக்கிட்டு, "ஆச்சி, எனக்கு டிரிப்புக்குத்தான் காசு, எம்புட்டு நேரம் நிப்பீக?"ன்னு கேட்டான். அதுல ஒரு கிழவி தூக்குச்சட்டியைத் தூக்கிக் காட்டி, "சோறு கொண்டாந்துருக்கோம்"னுச்சு. அவன் ஓனருக்குப் போன் போட, ஓனர் யார் யாருக்கோ போட, மூணாவது ஆள் போனையே எடுக்கல. நாலாம் நா லாரி வரல, அதே வாரத்துல பழைய மனு ஒண்ணுக்குக் கையெழுத்தும் விழுந்துச்சு.

ஆனா கதை அதோட முடியல. மூணாவது வாரம் பொம்பளைங்க வேலை வெட்டின்னு பிரிஞ்சு போயிட்டாங்க, ரெண்டு மாசம் கழிச்சு லாரி ராத்திரில வர ஆரம்பிச்சுது. அரெண்ட் சொல்றதுல பாதிய முதல் வாரம் காட்டுச்சுன்னா மிச்சத்தை இந்த ராத்திரி லாரி காட்டுச்சு. பவரை பீரோல பூட்டி வைக்க முடியாதுங்க, நின்னாத்தான் உண்டு.

வாசகர், தேவகோட்டை: 1942 ஆகஸ்ட்ல, வெள்ளையனே வெளியேறு போராட்டத்தப்ப, எங்க ஊர்ல கோர்ட்டை எரிச்சாக, திருவாடானை ஜெயிலை உடைச்சு சுதந்திரப் போராட்டக்காரர் சின்ன அண்ணாமலையை வெளிய கொண்டாந்தாக. உங்க கணக்குல அது அதிகாரமா, வன்முறையா?

நல்லா மாட்டி விட்டீங்க. ரெண்டும்தான், ஆனா ரெண்டையும் ஒரே தராசுல வைக்க மாட்டேன். எல்லாரும் சேந்து ஒருத்தனுக்கு எதிரா நிக்கறது அதிகாரத்தோட உச்சம், ஒருத்தன் எல்லாருக்கும் எதிரா நிக்கறது வன்முறையோட உச்சம், இந்த ரெண்டாவதுக்குக் கருவி இல்லாம முடியாதுன்னு அரெண்ட் ஒரு கோடு போடறாங்க. திருவாடானைல நடந்தது முதல் வகைக்குப் பக்கத்துல வரும். ஒரு ஆளை மீட்கணும்னு ஊர் ஊரா ஜனம் கெளம்பி ஒரே எடத்துல வந்து நிக்குதுன்னா, ஜெயில் கதவு உடையறதுக்கு முன்னாடியே சர்க்காரோட சொல்லு உடைஞ்சு போச்சு. அப்புறம் போலீஸ் திரும்பி வந்து சுட்டுச்சு, ஜனம் அடங்குச்சு. துப்பாக்கிக் குழாய்லேர்ந்துதான் அதிகாரம் பொறக்குதுன்னு மாவோ சொன்னதுக்கு அரெண்ட் குடுத்த பதில் இங்க நல்லாப் பொருந்தும்: அங்கேர்ந்து பொறக்கறது கட்டளையும் உடனடிக் கீழ்ப்படிதலும்தான், அதிகாரம் அங்க பொறக்கவே பொறக்காது. சுட்டவங்களுக்கு ஊர் கெடச்சுது, ஊர் மனசு கெடைக்கல, அஞ்சே வருசத்துல மூட்டை கட்டிட்டாங்க.

கோர்ட்டை எரிச்சதுக்கு அந்தம்மா கை தட்டியிருக்க மாட்டாங்க. வன்முறைக்கு சில நேரம் காரணம் சொல்ல முடியும், ஆனா அதுக்கு ஒருநாளும் அங்கீகாரம் கெடைக்காதுங்கறது அவங்க கட்சி. இன்னொண்ணையும் சொல்லிடறேன், இது நமக்குக் கொஞ்சம் கசக்கும். காந்தியோட அகிம்சைக்கு எதிர்ல இங்கிலாந்து இல்லாம ஸ்டாலின் ரஷ்யாவோ ஹிட்லர் ஜெர்மனியோ இருந்திருந்தா, முடிவு விடுதலையா இருந்திருக்காது, படுகொலையும் அடிபணியறதுமாத்தான் இருந்திருக்கும்னு அதே புக்குல எழுதியிருக்காங்க. நான் முழுசா ஒத்துக்கல. 1943 அக்டோபர்ல டென்மார்க் ஜனங்க 7,000 யூதர்களுக்கு மேல படகுல ஏத்தி ஸ்வீடனுக்கு அனுப்பிட்டாங்க, ஆண்டுக்கிட்டிருந்தது ஹிட்லர் படைதான். இதையும் அரெண்டே வேறொரு புக்குல புகழ்ந்து எழுதியிருக்காங்க, அரசியல் படிக்கற ஒவ்வொரு பையனும் கட்டாயம் படிக்கணும்னு. அவங்கள வச்சே அவங்கள மறுக்கலாம், அதான் அவங்ககிட்ட எனக்குப் புடிச்சது.

வாசகர், பள்ளத்தூர்: எமர்ஜென்சியை சர்வாதிகாரம்னு சொல்றோம், ஹிட்லரையும் அதேதான் சொல்றோம். ரெண்டும் ஒண்ணா?

ஒண்ணு இல்ல, நம்ம தமிழ்ல ஒரே வார்த்தைய ரெண்டுக்கும் போட்டு ஒப்பேத்தறோம். டோட்டாலிடேரியன்னு சொல்றதுக்கு முற்றதிகாரம்னு சிலர் எழுதறாங்க, அதை வச்சுக்குவோம்.

சாதாரண சர்வாதிகாரிக்கு நீங்க வாயை மூடிட்டு இருந்தாப் போதும், வீட்டுக்குள்ள என்ன பேசுறீங்கன்னு அவன் ரொம்ப அலட்டிக்க மாட்டான். முற்றதிகாரத்துக்கு அது பத்தாது, நீங்க கை தட்டணும், தட்டறப்ப பக்கத்து வீட்டுக்காரன் தட்டறானான்னு பாத்துச் சொல்லணும். இதுல இன்னொரு விசித்திரம், எதிரிங்க இருக்கற வரைக்கும் பயமுறுத்தறது எல்லா ஆட்சியும் செய்யறதுதான், இங்க எதிரி ஒழிஞ்ச பிறகுதான் பயங்கரம் அதிகமாகுது. ஸ்டாலின் 1937-38-ல ஏறக்குறைய 6.8 லட்சம் பேரைச் சுட்டுக் கொன்னப்ப எதிர்க்கட்சின்னு ஒண்ணு செத்து ரொம்ப வருசம் ஆச்சு. அரெண்ட் 1951-ல எழுதின பெரிய புக்குல ஹிட்லர் ஜெர்மனியையும் ஸ்டாலின் ரஷ்யாவையும்தான் இந்தக் கணக்குல சேத்தாங்க, முசோலினி இத்தாலியைக் கூட சும்மா சேத்துடல.

மனுசங்களுக்கு நடுவுல இருக்கற எடத்தை அது என்ன செய்யுதுங்கறதுதான் மெயின். நாம ஒரு மேசையைச் சுத்தி உக்காந்திருக்கோம், அந்த மேசை நம்மள சேத்தும் வைக்குது, ஒருத்தர் மேல ஒருத்தர் விழாம பிரிச்சும் வைக்குது, பொது வாழ்க்கைன்னா அதுதான்னு அரெண்ட் ஒரு உதாரணம் சொல்வாங்க. சர்வாதிகாரி மேசைகிட்ட யாரையும் வர விடமாட்டான். முற்றதிகாரம் மேசையையே எடுத்துட்டு எல்லாரையும் இரும்புப் பட்டை போட்டு ஒண்ணா நெருக்கிடும், நெருக்கத்துல தோள் இடிக்குது, ஆனா ஒவ்வொருத்தனும் தனியா இருக்கான். எது நிஜம் எது புளுகுன்னு கேட்டுப் பாக்க ஒரு ஆள் கூட இல்லாதவன்ட்ட எதையும் நம்ப வைக்கலாம்.

எமர்ஜென்சிக்கு வாங்க. 1975 ஜூன் 25 ராத்திரிலேர்ந்து 1977 மார்ச் 21 வரைக்கும் 21 மாசம். சென்சாரை எதிர்த்து இந்தியன் எக்ஸ்பிரஸ் தலையங்கத்தை வெள்ளையா விட்டுச்சு, நம்ம ஊர்ல 1976 ஜனவரி 31-ல கருணாநிதி ஆட்சியைக் கலைச்சு, விசாரணை இல்லாம உள்ள வைக்கற மிசா சட்டத்துல ஆளைத் தூக்கினாங்க. எங்க அப்பச்சி டீக்கடைல பேப்பரை மடிச்சு வச்சுட்டு, பேசறதுக்கு முன்னாடி பெஞ்சுல யார் யார் இருக்காகன்னு ஒரு தரம் பாப்பாக, அந்தப் பார்வை எனக்கு இன்னும் மறக்கல. ஆனா வீட்டுக்கு வந்து பட்டாலைல உக்காந்து வாய்க்கு வந்தபடி திட்டுவாக, எங்களைப் பாத்து யாரும் பயப்படல. அப்புறம் இந்திரா காந்தியே எலக்சன் வச்சாங்க, தோத்தாங்க, எறங்கினாங்க. சர்வாதிகாரம்தான், அதுல சந்தேகம் இல்ல, ஆனா முற்றதிகாரம் இல்ல.

வாசகி, கானாடுகாத்தான்: எங்க ஐயா பர்மாவுல கடையும் நிலமும் விட்டுட்டு வந்தவுக. இந்தம்மாவும் அகதியா?

ஆமா ஆச்சி. 1906-ல ஜெர்மனில பொறந்த யூதப் பொண்ணு, 1933-ல போலீஸ் புடிச்சு எட்டு நா வச்சிருந்து விட்டவுடனே பாரிஸுக்கு ஓட்டம். 1940-ல பிரான்ஸே அவங்கள குர்ஸ்ங்கற முகாம்ல போட்டுச்சு, குழப்பத்துல வெளிய வந்து 1941-ல நியூயார்க் போய்ச் சேந்தாங்க. அமெரிக்கக் குடியுரிமை 1951-லதான், அதுவரைக்கும் எந்த நாட்டுக்கும் சொந்தமில்லாம 18 வருசம். அதுல கத்துக்கிட்டது, மனித உரிமை மனித உரிமைன்னு எல்லாரும் பேசறாங்க, ஆனா 'இவன் எங்காளு'ன்னு சொல்ல ஒரு நாடு இல்லாதவனுக்கு அதுல ஒண்ணும் கெடைக்காதுங்கறது. உரிமை வச்சுக்கறதுக்கே முதல்ல ஒரு உரிமை வேணும்னு எழுதினாங்க.

நம்மாளுங்க 1942-ல ஜப்பான் வந்தப்ப ஒரு தரம், 1962-க்குப் பிறகு, ஆட்சியைப் புடிச்ச ராணுவத் தளபதி நீ வின் கடைகளை எல்லாம் சர்க்காருக்கு எடுத்தப்ப ஒரு தரம்னு கெளம்பினாங்க. 1964-ல 50, 100 கியாட் நோட்டு செல்லாதுன்னும் சொல்லிட்டாங்க. வலிதான், ஆனா உங்க ஐயா கப்பல்லேர்ந்து எறங்கினா ஒரு நாடு இருந்துச்சு, அந்தம்மாவுக்கு அது கூட இல்ல. கோச்சுக்காம இதையும் கேளுங்க: கீழ்ப் பர்மாவுல நெல்லு வெளையற முக்கிய ஜில்லாக்கள்ல 1937 வாக்குல கால்வாசி நிலம் நம்ம செட்டியார் லேவாதேவிக்காரங்க கைல இருந்துச்சு, கடன் கட்ட முடியாம பர்மாக்காரன் விட்ட நிலம். அவன் வீட்டுலயும் ஒரு பேத்தி இருந்திருப்பா, அவளுக்கும் சொல்ல ஒரு கதை இருந்திருக்கும்.

சலூன் கடைக்காரர், தேவகோட்டை ரஸ்தா: என் கடைல 'இங்கு அரசியல் பேசாதீர்'னு போர்டு மாட்டியிருக்கேன். நான் ஜனநாயக விரோதியா?

கத்தியைக் கைல வச்சுட்டு இருக்கறவர் அரசியல் வேணாம்னு சொல்றது கஸ்டமருக்கு நல்லதுதான்! நீங்களா மாட்டின போர்டு, நாளைக்கே கழட்டலாம், யாரும் கேக்க மாட்டாங்க. அப்ப கம்யூனிஸ்ட் ஆட்சில இருந்த செக்கோஸ்லோவாகியால ஒரு காய்கறிக் கடைக்காரரைப் பத்தி அந்த நாட்டு நாடக ஆசிரியர் வாட்ஸ்லாவ் ஹாவெல் 1978-ல எழுதினார். வெங்காயம், கேரட்டோட மேலிடத்துலேர்ந்து ஒரு போர்டும் வந்து எறங்குது, 'உலகத் தொழிலாளர்களே ஒன்றுபடுங்கள்'னு. அவரும் எடுத்து ஜன்னல்ல வச்சுட்டார். அதை அவர் நம்பல, படிக்கறவனும் நம்பல, ஏன், வாசகத்தையே யாரும் படிக்கல. 'நான் பயந்தவன், என்னை விட்டுடுங்க'ங்கறதுதான் அதுக்கு அர்த்தம். அதையே நேரா எழுதி வைக்கச் சொன்னா கூசும்ல, அதான் தொழிலாளர் பேரைச் சொல்லி ஒளிஞ்சுக்கறார். ஒருநா கழட்டிட்டார்னா அவர் வேலை போகும், பையன் காலேஜ் சீட்டுக்கு ஆபத்து வரும், ஆனா இத்தனை நா எல்லாரும் சேந்து நடிச்சோம்ங்கறதும் வெளிய வந்துடும். ஹாவெலே 1979-லேர்ந்து நாலு வருசம் ஜெயில்ல கெடந்தார், 1989 டிசம்பர்ல அதே நாட்டுக்கு ஜனாதிபதி.

அதனால உங்க போர்டு இருக்கட்டும். நாளைக்கு யாராச்சும் வந்து வேற போர்டு குடுத்து மாட்டச் சொன்னா அப்ப எனக்கு எழுதுங்க.

கல்லூரி மாணவி, காரைக்குடி: பொது இடம், பேச்சுன்னு இவ்வளவு சொல்றீங்க. நம்ம வீட்டுத் திண்ணைல யார் யார் ஏறி உக்கார முடிஞ்சுதுன்னு சொல்வீங்களா?

வந்த கடுதாசில எனக்குப் பதில் சொல்லக் கஷ்டமானது இதுதான். தேக்குத் தூணும் வழவழன்னு சாந்துமா இருக்கற அதே திண்ணைக்கு முன்னாடி, துண்டை இடுப்புல கட்டிக்கிட்டு வெயில்ல நின்னு பேசினவங்களை நானே சின்னப் பிள்ளைல பாத்திருக்கேன். திண்ணைல இருந்தவருக்கு அது பொது இடம், கீழ நின்னவருக்கு அது ஒரு படிக்கட்டு, அவ்வளவுதான்.

அரெண்ட் கிரேக்க நகரத்து மைதானத்தைப் புகழ்ந்து தள்ளறப்பவும் இதே ஓட்டைதான், அடிமையும் பொம்பளையும் வீட்டு வேலை பாத்ததாலதான் அங்க நாலு ஆம்பளைங்க சுதந்திரமாப் பேச முடிஞ்சுது. அது அவங்களுக்கும் தெரியும், எழுதியும் இருக்காங்க, ஆனா பெருசா உறுத்துன மாதிரி தெரியல. 1957-ல அமெரிக்கால லிட்டில் ராக்ங்கற ஊர்ல கறுப்பினப் பிள்ளைங்க வெள்ளைக்காரப் பள்ளிக்கூடத்துக்குப் போனப்ப, பிள்ளைங்கள முன்னாடி நிறுத்தி இந்தச் சண்டையைப் போடலாமா, பள்ளிக்கூடம்லாம் சமூக விஷயம், அரசியல் இல்லன்னு ஒரு கட்டுரை எழுதி வாங்கிக் கட்டிக்கிட்டாங்க. தினம் தினம் அந்த அவமானத்துக்கு நடுவுல பிள்ளைய வளக்கற தாய் தகப்பனுக்கு அது என்னன்னு இந்தம்மாவுக்குப் புரியலன்னு ரால்ஃப் எல்லிசன்ங்கற எழுத்தாளர் சொன்னார். 'நீங்க சொன்னது சரி, எனக்குத்தான் புரியல'ன்னு அவருக்குக் கடுதாசி போட்டாங்க. நம்மூர்ல அதே வாதத்தைச் சொல்லிப் பாருங்க, தண்ணி எடுக்கற கெணறும் சமூக விஷயம், கோயில் வாசலும் சமூக விஷயம்னு எல்லாத்தையும் ஒதுக்கிட்டா, அரசியல்னு பேச என்ன மிஞ்சும்? இந்த எடத்துல நான் அந்தம்மா கூட இல்ல, உங்க கூடதான்.

வாசகர், ஆத்தங்குடி: சரி, எந்தப் புக்கை முதல்ல படிக்கறது?

'ஆன் வயலன்ஸ்', மேல சொன்ன அந்த 1970 புக்குதான். மெலிசு, ஒரு வாரத்துல முடிச்சுடலாம், ஆனா அதிகாரம், பலம், வன்முறைன்னு பிரிச்சு வைக்கற பக்கங்களை ரெண்டு தடவை படிங்க. அப்புறம், யூதர்களைச் சாவு முகாம்களுக்கு அனுப்பற ஏற்பாட்டைப் பாத்த நாஜி அதிகாரி ஐக்மன் மேல 1961-ல ஜெருசலேம்ல நடந்த வழக்கு பத்தின புக்கு. அந்த ஆளு பெரிய அசுரன் இல்ல, யோசிக்கறதையே விட்டுட்ட ஆஃபீஸ் குமாஸ்தாங்கறாங்க. அதுல ஜாக்கிரதை, அர்ஜென்டினால ஒளிஞ்சு இருந்தப்ப அவன் பேசின டேப்பெல்லாம் பின்னால வெளிய வந்து, வெறும் குமாஸ்தா இல்ல, முழு வெறியோட செஞ்சவன்னு காட்டிடுச்சு. யோசிக்காம உத்தரவுக்குக் கையெழுத்து போடற ஆளுங்களைப் பத்தி அவங்க சொன்னது நிக்குது, ஐக்மன்தான் அதுக்குச் சரியான உதாரணம் இல்ல.

என் காப்பியைக் கேக்காதீங்க. போன வருசம் ஆத்தங்குடிக்கு ஒருத்தர் வாங்கிட்டுப் போனார், டைல்ஸ் பட்டறைப் பக்கம்தான் வீடு, உங்களுக்குத் தெரிஞ்சவரா இருந்தா கொஞ்சம் ஞாபகப்படுத்துங்க.