பொம்மலாட்டம் படிக்கட்டும், கடன் வாங்கி மட்டும் வேண்டாம்

ருமேனியாவின் யாஷ் நகரிலிருந்து ஒரு தாயார் எழுதியிருக்கிறார். இவருக்குச் சொந்த ஊர் திருச்சி, கணவர் ருமேனியர். பன்னிரண்டாம் வகுப்பு படிக்கும் மகள், பொம்மலாட்ட நடிப்புதான் படிப்பேன் என்கிறாள். "இந்தியாவிலிருந்தெல்லாம் பிள்ளைகள் இங்கே டாக்டருக்குப் படிக்க வருகிறார்கள், இவளுக்கு என்ன வந்தது என்று மாமியாரும் கேட்கிறார், ஊரிலிருந்து என் அண்ணனும் கேட்கிறார்" என்பது அவருடைய வருத்தம்.

அம்மா, உங்கள் கவலை நியாயமானது. ஆனால் உங்கள் அண்ணன் சொல்வது சரியில்லை. மருத்துவம் ஆறு வருடம், அதற்கு மேல் சிறப்புப் பயிற்சி தனி. உயிரியல் புத்தகத்தைத் திட்டினால்தான் திறப்பாள் என்று நீங்களே எழுதியிருக்கிறீர்கள். அப்படியிருக்க யாருடைய பெருமைக்காக அவள் இத்தனை வருடம் படிக்க வேண்டும்?

பொம்மலாட்டம் என்றதும் நம் உறவினர்களுக்குத் திருவிழாக் கூத்துதான் நினைவுக்கு வரும். ருமேனியாவில் அது உள்ளாட்சி அமைப்புகளின் பணத்தில் நடக்கும் நிரந்தர நாடக அரங்கு. உங்கள் ஊர் லுச்சாஃபரூல் அரங்கம் 1949இல் தொடங்கியது. க்லுஜில் புக், கலாட்ஸில் கல்லிவர், சிபியுவில் கோங், க்ரயோவாவில் கொலிப்ரி என்று ஊருக்கு ஊர் அரங்கு உண்டு. தலைநகர் புக்கரெஸ்டின் ட்ஸந்தரிக்கா அரங்கை 1949 முதல் 1986 வரை நடத்தியவர் மார்கரெட்டா நிகுலெஸ்கு என்ற பெண்மணி. 1958இல் அங்கே சர்வதேசப் பொம்மலாட்ட விழா நடந்தது. பிற்பாடு பிரான்சின் ஷார்ல்வில் நகரில் பொம்மலாட்டத்துக்கென்றே உயர்கல்விப் பள்ளி உருவாக முன்னின்றவரும் அவர்தான். அதே ட்ஸந்தரிக்காவில் நடித்த பிரந்துஷா ஸைட்சா சில்வெஸ்த்ரு, பிறகு புக்கரெஸ்ட் நாடகப் பல்கலைக்கழகத்தில் ஆசிரியரானார். மேடையும் வகுப்பறையும் சேர்ந்ததுதான் இந்தத் தொழில் என்பதற்காக இவரைச் சொல்கிறேன்.

படிக்க மகளை எங்கும் அனுப்ப வேண்டியதில்லை. யாஷிலேயே ஜார்ஜ் எனெஸ்கு கலைப் பல்கலைக்கழகத்தில் பொம்மை இயக்கும் நடிகர்களுக்கென்று தனிப் பட்டப்படிப்பு இருக்கிறது, மூன்று வருடம்.

என்ன சொல்லித் தருவார்கள்? முதலில் பொம்மையே கிடையாது. வெறும் கை, ஆள்காட்டி விரலில் ஒரு பந்து. அந்தப் பந்து மூச்சு விட வேண்டும், திரும்பிப் பார்க்க வேண்டும், எதையோ கண்டு தயங்க வேண்டும். அப்புறம் கையுறைப் பொம்மை, கோல் பொம்மை, நூல் பொம்மை. கோல் பொம்மையில் நடுக்கோலை ஒரு கை தாங்கும், பொம்மையின் கைகளோடு இணைத்த இரண்டு குச்சிகளை மறு கை ஆட்டும். இயக்குபவர் மறைப்புக்குப் பின்னால் கையைத் தலைக்கு மேல் தூக்கியபடியே நிற்க வேண்டும். புதியவர்களுக்குக் கை சோர்ந்து, பொம்மை கொஞ்சம் கொஞ்சமாகத் தரைக்குள் புதைவதுபோல் கீழே இறங்கிவிடும். தோளும் முதுகும் பழகவே மாதக்கணக்காகும். குரலுக்கும் உடலுக்கும் பயிற்சி தனி. இதைச் சும்மா விளையாட்டு என்று சொல்பவர்களைப் பத்து நிமிடம் கையைத் தூக்கி நிற்கச் சொல்லுங்கள்.

வேலையைப் பற்றி ஒளிக்காமல் சொல்கிறேன். அரங்குகளில் நிரந்தர இடம் குறைவு, போட்டித் தேர்வு வழியாகத்தான் கிடைக்கும். அதனால் உங்கள் மகள் முதல் வருடத்திலேயே ஆசிரியப் பயிற்சித் தொகுதியையும் சேர்த்து எடுக்க வேண்டும். கல்வி உளவியல், கற்பிக்கும் முறை, பள்ளியில் நேரடிப் பயிற்சி எல்லாம் அதில் வரும். இது இருந்தால், அரங்கில் இடம் கிடைக்கும் வரை பிள்ளைகளுக்கு நாடகம் சொல்லிக்கொடுக்கும் வேலையையாவது தேடலாம். வேண்டாம் என்று அவள் முரண்டு பிடித்தாலும் இதில் விட்டுக்கொடுக்காதீர்கள்.

பணம் விஷயத்தில் இன்னும் கறாராக இருங்கள். ருமேனியக் குடிமகள் என்பதால் அரசு செலவில் படிக்கும் இடத்துக்கு அவள் போட்டியிடலாம். அந்த இடங்கள் சொற்பம். கிடைத்தால் சேருங்கள். கட்டண இடம்தான் என்றால், கையில் இருக்கும் சேமிப்பு மூன்று வருடத்துக்கும் போதுமா என்று முதலில் கணக்குப் பாருங்கள். போதாதென்றால் திருச்சி மனையை விற்க வேண்டாம், வட்டிக்கும் வாங்க வேண்டாம். ஒரு வருடம் லுச்சாஃபரூலின் நாடகங்களை விடாமல் பார்க்கட்டும், குரலுக்கும் உடலுக்கும் பயிற்சி எடுக்கட்டும், அடுத்த வருடம் மறுபடி தேர்வு எழுதட்டும். இந்த வாரமே அவளோடு பல்கலைக்கழக அலுவலகத்துக்குப் போய், அரசு இடங்கள் எத்தனை, செய்முறைத் தேர்வுக்கு என்ன தயார் செய்ய வேண்டும் என்று கேட்டு எழுதிக்கொண்டு வாருங்கள்.