ஹர்லிங் பற்றிக் கேட்டவையும் என் பதில்களும்

கேள்வி: ஹர்லிங் என்பது ஹாக்கி மாதிரிதானே அண்ணா?

பதில்: ஹர்லிங் அயர்லாந்து ஆட்டம். கையில் மட்டை இருக்கிறது, அவ்வளவுதான் ஹாக்கியோடு ஒற்றுமை. இதில் பந்தைக் கையால் பிடிக்கலாம், மட்டை நுனியில் நிறுத்திக்கொண்டே ஓடலாம், தலைக்கு மேல் வருவதை அந்தரத்திலேயே அடிக்கலாம். அணிக்கு 15 பேர். பந்து வலைக்குள் போனால் கோல், அதற்கு 3 புள்ளி. குறுக்குக் கம்பிக்கு மேலே பறந்தால் 1 புள்ளி. ஸ்கோர் 2-15 என்று இருந்தால் 2 கோல், 15 புள்ளி, மொத்தம் 21. முதலில் எல்லோருக்கும் குழப்பும்.

கேள்வி: ஹெல்மெட் போடுவார்களா?

பதில்: 2010 முதல் கட்டாயம்.

கேள்வி: இறுதிப் போட்டிக்கு அவ்வளவு கூட்டம் வருகிறதே, வீரர்களுக்குச் சம்பளம் எவ்வளவு?

பதில்: சம்பளமே கிடையாது! இறுதிப் போட்டி நடக்கும் டப்ளின் குரோக் பார்க் மைதானம் 82,300 பேர் கொள்ளும். அங்கே ஆடிவிட்டு வந்தவர் சில நாளில் பள்ளியில் பாடம் நடத்துவார், பண்ணையில் மாடு பார்ப்பார். பயணச் செலவு மாதிரி சிலது கிடைக்கும். காசு கொடுத்து ஆளை இழுக்கும் வழக்கமும் இல்லை. ஒரு தேவாலயத்தின் கீழ் வரும் வட்டாரத்தை நம் கத்தோலிக்கர்கள் ‘பங்கு’ என்பார்களே, பெரும்பாலும் அந்த எல்லைதான் கிளப்பின் எல்லை. அப்பா ஆடிய கிளப்பில் மகன் ஆடுவான், பக்கத்துப் பங்குதான் ஜென்ம எதிரி.

கேள்வி: பெண்கள் ஆடுவதில்லையா சார்?

பதில்: ஆடுகிறார்கள். அதற்குப் பெயர் கமோகி, 1904-லிருந்தே உண்டு.

கேள்வி: இதில் அரசியல் கலந்திருக்கிறது என்கிறார்களே?

பதில்: ஆரம்பமே அப்படித்தான். ஆங்கிலேயர் ஆட்டங்கள் ஊரை விழுங்குகின்றன என்று மைக்கேல் கியூசாக் முதலானோர் 1884 நவம்பர் 1 அன்று தர்லஸ் ஊர் ஹோட்டல் ஒன்றில் கூடி, ஹர்லிங்கை நடத்தும் கேலிக் தடகளச் சங்கத்தைத் தொடங்கினார்கள். பிறகு ரக்பி, கிரிக்கெட், கால்பந்து ஆடினாலே உறுப்பினர் பதவி போகும் என்று விதி வந்தது. 1938-ல் அயர்லாந்துக் குடியரசுத் தலைவர் டக்ளஸ் ஹைட் ஒரு கால்பந்து ஆட்டம் பார்க்கப் போனார். சங்கத்தின் புரவலர் அவர். ஐரிஷ் மொழிக்காகவே வாழ்ந்த மனிதர். அவரையும் நீக்கிவிட்டார்கள். என்னைக் கேட்டால் வீம்பு. 1971-ல்தான் அந்தத் தடை போனது.

கேள்வி: மட்டை என்ன மரம்? கிரிக்கெட் மட்டை மாதிரி வில்லோவா?

பதில்: இல்லை, ஆஷ் மரம். அதிலும் வேரோடு சேரும் அடிமரத் துண்டுதான் வேண்டும். அங்கே மரத்தின் ரேகை தானாகவே வளைந்து வரும். மட்டையின் வளைவை அதோடு ஒட்டி அறுப்பதால் சட்டென்று பிளக்காது. இப்போது பூஞ்சை நோய் வந்து அயர்லாந்து முழுக்க ஆஷ் மரங்கள் பட்டுப்போகின்றன. வெளிநாட்டு மரம் இறக்குகிறார்கள், மூங்கில் மட்டையும் வந்துவிட்டது.