மொலோதி, 1572: கானின் குதிரைப்படையை மரப்பலகைகள் நிறுத்திய கதை (கேள்வி பதில்)

மாஸ்கோவுக்குத் தெற்கே சுமார் ஐம்பது கிலோமீட்டரில் உள்ள மொலோதி கிராமம் அருகே 1572 ஜூலை இறுதியிலும் ஆகஸ்ட் தொடக்கத்திலும் ரஷ்யருக்கும் கிரிமியத் தாத்தார்களுக்கும் நடந்த போர் பற்றி வந்த கேள்விகளும் பதில்களும்.

கேள்வி: கிரிமியக் கான் 1571-லேயே மாஸ்கோவை எரித்துவிட்டாரே, மறு வருடமே ஏன் திரும்ப வந்தார்?

1571 மே 24 அன்று கான் தெவ்லெத் கிராய் புறநகரில் வைத்த தீ நகரம் முழுவதையும் விழுங்கியது. ஆனால் அது கொள்ளைக்காக வந்த படையெடுப்பு. 1572-ல் அவர் நோக்கமே வேறு. தாத்தார் நாடுகளான கசானை 1552-லும் அஸ்த்ரகானை 1556-லும் ரஷ்யா பிடித்திருந்தது, அவ்விரண்டையும் திருப்பித் தரச் சொன்னார். மேற்கே லிவோனியப் போர், உள்ளே பஞ்சமும் கொள்ளைநோயும். அந்த நெருக்கடியில் ஜார் இவான் அஸ்த்ரகானை மட்டும் விட்டுக்கொடுக்கத் தயாராக இருந்தார். கானுக்கு அது போதவில்லை. ரஷ்ய நகரங்களைத் தன் முர்சாக்களுக்கு (தாத்தார் பிரபுக்களுக்கு) முன்கூட்டியே பங்கிட்டுவிட்டார் என்று அப்போது ரஷ்யாவில் இருந்த ஜெர்மானியர் ஒருவர் எழுதி வைத்திருக்கிறார். இவான் நோவ்கொரோதுக்குப் போய்விட்டார், தெற்கைக் காக்கும் பொறுப்பு இளவரசர் மிகயீல் வொரோதின்ஸ்கியின் கையில்.

கேள்வி: இரு தரப்பிலும் எவ்வளவு பேர், ஐயா? ஒவ்வொரு இடத்திலும் ஒரு கணக்கு இருக்கிறது.

ரஷ்யத் தரப்புக்குப் படைப் பதிவேடே இருக்கிறது. செர்புகோவில் வொரோதின்ஸ்கியின் பெரும்படை 8,255. தரூசாவில் ஒதோயெவ்ஸ்கியின் வலக்கைப் படை 3,590. கலூகாவில் திமித்ரி க்வொரொஸ்தினின் இருந்த தூசிப்படை (முன்னணிப் படை) 4,475. காஷிராவில் இவான் ஷுய்ஸ்கி 2,063. லொபாஸ்னியாவில் ரெப்னின் 1,651. கூட்டினால் 20,034. இவர்களோடு மிகயீல் செர்காஷெனினின் கொசாக்குகளும் உண்டு.

கானிடம் 1,20,000 பேர் என்பது பழைய ரஷ்யக் குறிப்பு. வென்றவர் பகைவரின் தலையைக் கூட்டிச் சொல்வது எல்லா நாட்டிலும் உள்ள வழக்கம். இன்றைய வரலாற்றாசிரியர் பலர் 40,000 முதல் 60,000 வரை சொல்கிறார்கள்.

கேள்வி: நடுவில் ஓகா ஆறு இருந்ததே, எப்படித் தாண்டினார்கள்?

கலூகாவிலிருந்து காஷிரா வரை நூறு கிலோமீட்டருக்கும் மேல். அதைக் காக்க இருபதாயிரம் பேர் என்றால் கிலோமீட்டருக்கு இருநூறு பேர்கூட வராது. கோடையில் பல துறைகளில் குதிரை இறங்கிக் கடக்கலாம். கான் செர்புகோவுக்கு எதிரே பீரங்கி வெடித்துப் பெரும்படையை அங்கேயே கட்டிப்போட்டார். இரவில் தெபெர்தெய் முர்சாவின் நொகாய்கள் (கானோடு வந்த புல்வெளிக் குதிரை வீரர்கள்) சென்கின் துறையில் இருந்த 200 காவலரைச் சிதறடித்தார்கள். திராகினோ துறையில் திவெய் முர்சா வலக்கைப் படையைத் தள்ளினார்.

கேள்வி: அப்புறம் மாஸ்கோ சாலை காலிதானே? ஏன் நேராகப் போகவில்லை?

இதுதான் இந்தப் போரின் முடிச்சு. வொரோதின்ஸ்கி முந்திப் போய்க் குறுக்கே நிற்கவில்லை, பின்னால் துரத்தினார். கானின் முனை பாக்ரா ஆற்றை எட்டியபோது, மொலோதி அருகே அவருடைய மகன்கள் நடத்திய பின்படையை க்வொரொஸ்தினின் அடித்தார். முதுகில் பகைவரை வைத்துக்கொண்டு மாஸ்கோ மதிலை முற்றுகையிட முடியாது. எனவே 12,000 குதிரை வீரர் திருப்பி அனுப்பப்பட்டார்கள். க்வொரொஸ்தினின் தோற்று ஓடுவதுபோல விலகி, துரத்தியவர்களை ரொழாயா ஆற்றங்கரை மேட்டில் நின்ற மர அரணின் துப்பாக்கி வாய்க்கு நேரே கொண்டுவந்து விட்டார்.

கேள்வி: அந்த மர அரண் எப்படி இருக்கும்? வெறும் வண்டி வேலியா?

வண்டி வேலி இல்லை. ‘குல்யாய்-கோரோத்’ என்றால் உலாவும் கோட்டை. தடித்த பலகைகளால் செய்த கேடய மதில் துண்டுகள், அவற்றில் துப்பாக்கிக்கும் சிறு பீரங்கிக்கும் துளைகள். கோடையில் சக்கரம், பனிக்காலத்தில் சறுக்குக்கட்டை. பிரித்து வண்டியில் ஏற்றுவார்கள். ஒன்றுக்குள் ஒன்று கவ்வும்படி செதுக்கியிருப்பதால், நிறுத்தத் தச்சனோ கருவியோ வேண்டாம். 1588-ல் மாஸ்கோ வந்த ஆங்கிலத் தூதர் கண்ட வடிவம் இரட்டை மதில்: நடுவே ஏறத்தாழ மூன்று கஜ இடைவெளி, உள்ளே நின்று மருந்து கெட்டித்துச் சுட இடம்.

இதன் அருமை புரிய, திரித்துப்பாக்கியை (எரியும் திரியால் மருந்தைப் பற்றவைப்பது) நினைத்துப் பாருங்கள். ஒருமுறை கெட்டித்துச் சுட ஒரு நிமிடம் போல ஆகும். அதற்குள் தாத்தார் வில்லாளி பல அம்பு விட்டுவிடுவான். திறந்த வெளியில் துப்பாக்கிக்காரன் பிழைக்க மாட்டான். மொலோதியிலேயே இது தெரிந்தது: மேட்டின் அடியில், அரணுக்கு வெளியே நின்ற 3,000 ஸ்த்ரெல்ட்சிகள் (ரஷ்யத் துப்பாக்கிக் காலாட்கள்) வெட்டுண்டு மாண்டார்கள். அதே ஆயுதத்தோடு பலகைக்குப் பின்னால் நின்றவர்கள் தாக்குதலை முறித்தார்கள்.

குறைகளும் உண்டு. கனத்த பீரங்கிக்கு மரம் தாங்காது. இடம் தவறினால் பயனில்லை, மேடு வேண்டும். அவசரமாகத் துரத்தி வந்ததில் உணவு வண்டிகள் பின்தங்கியதால், உள்ளே இருந்தவர்கள் தங்கள் குதிரைகளையே அறுத்துத் தின்றார்கள். கான் இன்னும் சில நாள் பொறுமையாக வளைத்து நின்றிருந்தால் பசியே வென்றிருக்கும்.

கேள்வி: பின் ஏன் அவர் பொறுக்கவில்லை?

முதல் பெரிய மோதலில் அவருடைய தலைசிறந்த தளபதி திவெய் முர்சா சிறைப்பட்டார். பிடித்தவர் தெமிர் அலாலிகின் என்ற சூஸ்தால் வீரர். தெபெர்தெய் முர்சாவும் இறந்துபோனார். திவெயை மீட்க வேண்டும் என்ற துடிப்பும், ஜார் படை அனுப்புகிறார் என்ற செய்தியும் சேர்ந்து அவரை அவசரப்படுத்தின.

ஆகஸ்ட் 2 அன்று குதிரை வீரர்களை இறக்கி, நடந்து போய் மதிலைப் பிடுங்கச் சொன்னார். குதிரையில்லாத தாத்தார் வீரன் பாதி வீரன்தான். பலகையைப் பற்றி அசைத்த கைகளை உள்ளிருந்தவர்கள் வெட்டித் தள்ளினார்கள். எல்லோர் கண்ணும் மதில் மேல் இருந்தபோது வொரோதின்ஸ்கி பெரும்படையுடன் பின்பக்கப் பள்ளத்தாக்கு வழியாக மறைந்து சென்றார். அரணிலிருந்து எல்லாப் பீரங்கியும் ஒரே நேரத்தில் முழங்கின. க்வொரொஸ்தினினும் ஜெர்மானியக் கூலிப்படையும் முன்னே பாய, வொரோதின்ஸ்கி முதுகில் விழுந்தார். கானின் மகனும் பேரனும் அன்று மாண்டார்கள். இரவோடிரவாக அவர் பின்வாங்கினார்.

அரண் மட்டுமே வென்றது என்று எழுதுபவர்களோடு நான் உடன்படுவதில்லை. அரண் பகைவரை ஓரிடத்தில் நிறுத்தியது, வெற்றி அந்தப் பள்ளத்தாக்கில்தான் கிடைத்தது.

கேள்வி: வொரோதின்ஸ்கிக்கு என்ன பரிசு கிடைத்தது?

மறு வருடம், 1573-ல், இவான் அவரைக் கைது செய்தார். சித்திரவதைக்குப் பின் அதே ஆண்டில் இறந்தார். மனத்தை மிகவும் வருத்தும் முடிவு.

கேள்வி: அதோடு தாத்தார் படையெடுப்பு நின்றதா?

இல்லை. அஸ்த்ரகான் பேச்சு முடிந்தது, அவ்வளவுதான். 1591-ல் அப்போதைய கிரிமியக் கான் காசி கிராய் மறுபடி மாஸ்கோ வாசலுக்கே வந்தார். அப்போதும் எதிரே நின்றது குல்யாய்-கோரோத். அது நின்ற இடத்தில் பின்னர் தோன்ஸ்கோய் மடாலயம் எழுந்தது.