ரெஸ்பிரேட்டரி தெரபி படிக்கட்டுமா? ஓர் அம்மாவுக்குப் பதில்

வணக்கம் அம்மா. எம்.பி.பி.எஸ். கிடைக்காததால் மகள் பி.எஸ்சி. ரெஸ்பிரேட்டரி தெரபி (வென்டிலேட்டர் போன்ற மூச்சுக் கருவிகளைப் பார்த்துக்கொள்ளும் படிப்பு) படிக்கிறேன் என்கிறாள், மெஷின் பக்கத்தில் நிற்கிற வேலைக்கு நான்கு வருஷமா என்று கேட்டிருந்தீர்கள். அங்கே நிற்பவர் என்ன செய்கிறார் என்பதை முதலில் சொல்லிவிடுகிறேன்.

2020-ல் பாடகர் எஸ்.பி. பாலசுப்ரமணியம் சிகிச்சையில் இருந்தபோது எக்மோ என்ற சொல்லைச் செய்திகளில் கேட்டிருப்பீர்கள். ரத்தத்தை உடம்புக்கு வெளியே எடுத்து, ஆக்ஸிஜன் ஏற்றி, கரியமில வாயுவை நீக்கித் திருப்பி அனுப்பும் கருவி அது. கட்டிலருகே போனால் இரண்டு குழாய்கள் தெரியும். ஒன்றில் கருஞ்சிவப்பு, இன்னொன்றில் பளிச்சென்ற சிவப்பு. இரண்டும் ஒரே நிறமாகத் தெரிந்தால் உடனே பார்த்தாக வேண்டும்.

சரி, ஆக்ஸிஜன்தான் வெளியிலேயே ஏறிவிடுகிறதே, வென்டிலேட்டர் எதற்கு? பெரும்பாலும் அதை எடுப்பதில்லை, தணித்து வைப்பார்கள். நோயுற்ற நுரையீரலுக்குள் காற்றை அழுத்தித் தள்ளினால் அது மேலும் புண்ணாகும். 2000-ல் வெளியான அமெரிக்க ஆய்வில், ஒரு மூச்சின் அளவை உடல் எடையில் கிலோவுக்கு 12 மில்லிலிட்டரிலிருந்து 6 மில்லிலிட்டராகக் குறைத்ததும் இறப்பு சுமார் 40 சதவீதத்திலிருந்து 31-க்கு இறங்கியது. எக்மோ துணையிருந்தால் இன்னும் தணிக்கலாம்: நிமிடத்துக்குப் பத்து மூச்சு போல, பிளாட்டோ அழுத்தம் (மூச்சு உள்ளே போய் நின்றதும் நுரையீரலில் இருக்கும் அழுத்தம்) 25-ஐத் தாண்டாமல். நுரையீரல் அடியோடு சுருங்கிவிடாமல் இருக்கப் பீப் (மூச்சு வெளியேறிய பிறகும் உள்ளே நிறுத்தி வைக்கும் அழுத்தம்) மட்டும் 10 அளவிலாவது இருக்கும்.

சில நாள் வென்டிலேட்டர் திரையில் ஒரு மூச்சுக்கு 100 மில்லிலிட்டர்கூடக் காட்டாது. புதிதாக வந்தவரின் கை தானாக அழுத்தத்தைக் கூட்டப் போகும். அந்தக் கையை நிறுத்திக்கொள்ளத்தான் இத்தனை வருஷப் படிப்பு. கரியமில வாயு ஏறியிருந்தால் அதை வெளியே அடித்துச் செல்ல எக்மோவில் ஓடும் ஸ்வீப் வாயுவைக் கூட்டுவார்கள், அதையும் மெதுவாக. கரியமில வாயுவைச் சட்டென்று இறக்கினால் மூளைக்கு ஆபத்து. இதயத்துக்கும் சேர்த்து எக்மோ போட்டிருந்தால் பரிசோதனை ரத்தத்தை வலது கையில்தான் எடுக்க வேண்டும். மூளைக்குப் போகிற ரத்தம் எப்படி இருக்கிறது என்பதை அந்தக் கைதான் சொல்லும். முடிவெடுப்பது டாக்டர். ஆனால் நடுராத்திரி இரண்டு மணிக்கு மாற்றத்தை முதலில் கவனிப்பது பெரும்பாலும் கட்டிலருகே நிற்பவர்தான்.

எக்மோ கருவியையே கையாள ஆசையென்றால் அதற்குப் பெர்ஃபியூஷன் என்று தனிப் படிப்பு இருக்கிறது. இரண்டும் ஒன்றல்ல, மகளிடம் இதைத் தெளிவாகக் கேளுங்கள்.

கல்லூரியைப் பார்க்கும்போது கட்டடத்தைப் பார்க்காதீர்கள். சொந்த மருத்துவமனை இருக்கிறதா, ஐசியூவில் எத்தனை வென்டிலேட்டர் ஓடுகிறது, கடைசி வருஷ இன்டர்ன்ஷிப்பில் மாணவர்களை எங்கே நிறுத்துகிறார்கள் என்று கேளுங்கள். நெபுலைசர் வைப்பதோடு பயிற்சி முடிகிற இடத்தில் சேர்த்தால் அந்த வருஷம் வீண். எடுத்தவுடன் பெரிய சம்பளம் இருக்காது. நைட் டியூட்டி உண்டு. காப்பாற்ற முடியாமல் போகிற நோயாளிகளும் உண்டு, அந்த வலி வீடு வரை வரும்.

கவுன்சிலிங்குக்கு முன்னால் இப்போது இன்டர்ன்ஷிப்பில் இருக்கும் ஒரு மாணவியிடம் மகளை அரை மணி நேரம் பேச விடுங்கள். அப்புறமும் இதுதான் வேண்டும் என்றால், பார்த்து வைத்திருக்கும் கல்லூரிகளின் பெயர்களை எனக்கு அனுப்புங்கள், சேர்ந்து பார்க்கலாம்.