எத்தனை மாதம் மீதி? – வீட்டுக் கடன் கேள்வி பதில்

இந்த இதழுக்கு ராமநாதபுரம் கடற்கரை ஊர்களிலிருந்து வந்த கடிதங்களில் பெரும்பாலானவை வீட்டுக் கடனைப் பற்றியவை. ஒரே மாதிரியான கேள்விகளைச் சேர்த்துப் பதில் தந்திருக்கிறோம். கணக்குகள் எல்லாம் மாதா மாதம் குறையும் நிலுவைக்கு வட்டி போடும் முறையில் போட்டவை. சில்லறை ரூபாய்களைத் தள்ளிவிட்டோம்.

25 லட்சம் ரூபாய் கடன், 8.5 சதவீத வட்டி, 20 வருடம். மாதம் 21,696 ரூபாய் ஒரு தவணைகூடத் தவறாமல் ஐந்து வருடம் கட்டிவிட்டேன். போன வாரம் வங்கியில் நிலுவை கேட்டால் 22 லட்சம் என்கிறார்கள். கட்டிய 13 லட்சம் எங்கே போனது? கணக்கில் தப்பு இருக்குமா?
– ஆசிரியை, உச்சிப்புளி

தப்பு இல்லை. நீங்கள் கட்டியது 13,01,700 ரூபாய். அதில் வட்டிக்குப் போனது சுமார் 10,05,000. அசலில் கழிந்தது 2,97,000 மட்டும்.

முதல் மாதத்தை எடுத்துக்கொள்ளுங்கள். 25 லட்சத்துக்கு ஒரு மாத வட்டி 17,708 ரூபாய். உங்கள் தவணையில் அதை எடுத்துக்கொண்டு மீதி 3,988 ரூபாயைத்தான் அசலில் கழிப்பார்கள். அடுத்த மாதம் அசல் அந்த அளவுக்குக் குறைந்திருப்பதால் வட்டி 28 ரூபாய் குறையும், அந்த 28 ரூபாய் அசலுக்குப் போகும். இப்படி நத்தை வேகத்தில்தான் நகரும். பாதிக் காலமான பத்து வருடம் முடியும்போதுகூட பாக்கி 17.5 லட்சம் இருக்கும். அசல் மளமளவென்று இறங்குவது கடைசி ஆறேழு வருடங்களில்தான்.

கடன் வாங்கும்போது எல்லோரும் வட்டி கால் சதவீதம் குறையுமா என்று மல்லுக்கட்டுகிறார்கள். வருடக் கணக்கை மேனேஜர் நிரப்பும் கட்டத்துக்கு விட்டுவிடுகிறார்கள். உங்கள் கடனையே மூன்று விதமாகப் போட்டுப் பாருங்கள். 15 வருடம் என்றால் தவணை 24,618, மொத்த வட்டி 19.3 லட்சம். 20 வருடம் என்றால் தவணை 21,696, வட்டி 27 லட்சம். 30 வருடம் என்றால் தவணை 19,223, வட்டி 44.2 லட்சம். இருபதிலிருந்து முப்பதுக்குப் போனால் மாதம் 2,473 ரூபாய் மிச்சம் போலத் தெரியும். அதற்குக் கொடுக்கும் விலை 17 லட்சம்.

"வரியில் மிச்சமாகிறதே" என்று சக ஆசிரியர்கள் சொல்வார்கள். குடியிருக்கும் வீட்டின் வட்டிக்குக் கழிவு பழைய வரிமுறையில்தான் உண்டு, அதுவும் ஆண்டுக்கு 2 லட்சம் வரை. 20 சதவீத வரம்பில் இருப்பவர் 2 லட்சம் வட்டி கட்டினால் திரும்பக் கிடைப்பது சுமார் 41,600. புதிய வரிமுறையில் இருந்தால் அதுவும் கிடையாது.

இப்போது செய்யக்கூடியது: வருடத்துக்கு ஒரு தவணை கூடுதலாகக் கட்டுங்கள். சம்பள நிலுவையோ போனஸோ வரும் மாதம் வசதி. முதல் வருடத்திலிருந்தே இப்படிக் கட்டினால் 240 மாதக் கடன் 200 மாதத்தில் முடியும், வட்டியில் 5 லட்சம் போல மிச்சமாகும். ஐந்து வருடம் கழித்துத் தொடங்கினால் பலன் குறையும். ஆனாலும் வழக்கமான வங்கி டெபாசிட்டில் போடுவதைவிட இது லாபம்.

2022 தொடக்கத்தில் 7 சதவீதத்தில் 20 லட்சம் வாங்கினேன். 20 வருடக் கடன், தவணை 15,506. வட்டி ஏறியபோது தவணை ஏறவில்லை என்று சந்தோஷப்பட்டேன். இப்போது ஸ்டேட்மென்ட்டில் மீதி மாதங்கள் நான் வாங்கியபோது இருந்ததைவிட அதிகமாக இருக்கின்றன. ரிசர்வ் வங்கி வட்டியைக் குறைத்துவிட்டதாகச் செய்தி வருகிறது, எனக்கு ஒன்றும் குறையவில்லையே?
– வாசகர், மண்டபம்

தவணை ஏறாதபோதுதான் சந்தேகப்பட்டிருக்க வேண்டும். 2022 மே முதல் 2023 பிப்ரவரி வரை ரெப்போ வட்டி (வங்கிகளுக்கு ரிசர்வ் வங்கி கடன் கொடுக்கும் வட்டி) 4 சதவீதத்திலிருந்து 6.5 சதவீதமானது. உங்கள் 7 சதவீதம் 9.5 ஆகியிருந்தால், ஒரு வருடம் கழித்து இருந்த 19.52 லட்சம் நிலுவைக்கு மாத வட்டியே 15,457 ரூபாய். தவணை 15,506. அசலுக்குப் போனது 50 ரூபாய்கூட இல்லை. அந்த மாதங்களில் நீங்கள் கட்டியது கிட்டத்தட்ட வாடகைதான். தவணையை அப்படியே வைத்து வருடத்தை நீட்டுவது வங்கிக்குச் சுலபம்: வாடிக்கையாளர் சண்டைக்கு வரமாட்டார்.

மிதமான உயர்வுகூட எவ்வளவு இழுக்கும் என்பதற்கு மேலே உள்ள 25 லட்சம் கணக்கையே பாருங்கள். முதலிலேயே 8.5 சதவீதம் 9.5 ஆனால், தவணையை மாற்றாமல் விட்டால் 240 மாதம் 309 மாதமாகும். கூடுதல் செலவு சுமார் 14.9 லட்சம். மாறாக மாதம் 1,607 ரூபாய் கூட்டிக் கட்டினால் 240 மாதத்திலேயே முடியும், கூடுதல் செலவு 3.86 லட்சத்தோடு நிற்கும்.

2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி இதற்கு விதி போட்டது. வட்டி மாறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கொஞ்சம் கொஞ்சமாகச் செய்வதா என்று உங்களைக் கேட்க வேண்டும். ஆகவே எழுத்தில் கேளுங்கள்: இன்றைய வட்டி, நிலுவை, மீதி மாதம், பழையபடி 2042இல் முடிக்க எவ்வளவு தவணை கட்ட வேண்டும்.

அடுத்து, குறைப்பு. 2025இல் ரெப்போ நான்கு முறை குறைந்து டிசம்பரில் 5.25 ஆனது. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் கொடுத்த மாறும் வட்டிக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு கட்டப்பட்டவை. மூன்று மாதத்துக்குள் குறைப்பு உங்கள் கணக்கில் தெரிய வேண்டும். தவணை மாறாமல் மாதங்கள் குறைந்திருக்கும், அது நல்லதே. தவணையைக் குறைக்கச் சொல்லாதீர்கள். வீட்டு வசதி நிதி நிறுவனத்தில் வாங்கியிருந்தால் இந்தக் கட்டாயம் கிடையாது. அவர்கள் சொந்த அளவுகோலை வைத்திருப்பார்கள், ஏற்றத்தில் குதிரை, இறக்கத்தில் ஆமை. ஒருமுறைக் கட்டணம் வாங்கிக்கொண்டு புதுக் கடன்காரருக்குரிய வட்டிக்கு மாற்றித் தருவார்களா என்று கேளுங்கள். மறுத்தால் வேறு வங்கிக்கு மாற்றுவதை யோசிக்கலாம். பிராசசிங் ஃபீஸ், வக்கீல் கருத்து, மதிப்பீடு, புதிதாக எம்.ஓ.டி. பத்திரம் (வீட்டுப் பத்திரங்களை அடமானமாக ஒப்படைத்ததற்கான பதிவு) என்று மீண்டும் செலவு வரும். எல்லாவற்றையும் கூட்டி, மிச்சமாகும் வட்டியோடு ஒப்பிட்டுவிட்டு முடிவெடுங்கள்.

விசைப்படகில் பங்குக்குப் போகிறேன், பிடிக்கும் மீனில் வரும் பங்குதான் கூலி. சம்பளச் சீட்டு கிடையாது. நிதி நிறுவனம் ஒன்றில் 12 லட்சம், 12 சதவீதம், 15 வருடம் போட்டுத் தருகிறார்கள். மீன்பிடித் தடைக்காலத்தில் தவணைக்கு என்ன செய்வது?
– மீனவர், பாம்பன்

தவணை 14,402 வரும். 15 வருடத்தில் கட்டுவது 25.9 லட்சம், அதில் வட்டி 13.9 லட்சம். இது உங்கள் தொழிலுக்குத் தாங்குமா என்பதை வருடக் கணக்கில் பார்க்க வேண்டும், மாதக் கணக்கில் பார்த்தால் ஏமாறுவீர்கள். ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை 61 நாள் படகு கரையில். ஆகவே 12 தவணையைப் பத்து மாதப் பங்கிலிருந்து எடுக்க வேண்டும்: உங்கள் உண்மையான தவணை 17,282 ரூபாய். புயல் எச்சரிக்கை, கடலுக்குப் போக அனுமதி டோக்கன் கிடைக்காத நாள், வேலைநிறுத்தம் எல்லாம் அதற்கு மேல். தடைக்கால நிவாரணத்தை அரிசி பருப்புக்கு ஒதுக்கிவிடுங்கள், தவணைக் கணக்கில் சேர்க்காதீர்கள்.

என்ன கெடும் என்று சொல்கிறோம். தவணைத் தேதி 5 என்று வையுங்கள். மே 5, ஜூன் 5 இரண்டும் தடைக்காலத்தில் விழும். ஜூன் 15 கடலுக்குப் போனாலும் முதல் பங்கில் வியாபாரியிடம் வாங்கிய முன்பணம் கழியும், ஆகவே ஜூலையும் தடுமாறும். மே தவணையிலிருந்து ஒன்றுமே கட்டாமல் விட்டால் ஆகஸ்ட் 3இல் 90 நாள் நிறைந்து கணக்கு வாராக்கடன் ஆகிவிடும். ஒருமுறை ஆகிவிட்டால் ஒரு தவணை கட்டி மீள முடியாது. பாக்கி முழுவதையும் கட்டினால்தான் பழைய நிலைக்குத் திரும்பும். அதற்கு முன்பே ஒரு தவணையாவது கட்டினால் அது பழைய பாக்கியில் கழிந்து, 90 நாள் கணக்கு அடுத்த தவணைத் தேதிக்குத் தள்ளிப்போகும். கையில் ஒரு தவணைக்குத்தான் பணம் என்றால் அதையாவது உடனே கட்டுங்கள். கணக்கில் பணமில்லாமல் தவணை திரும்பினால் உங்கள் வங்கி ஒரு கட்டணம், கடன் கொடுத்தவர் ஒரு கட்டணம் என்று இரண்டு பக்கமும் பிடிப்பார்கள்.

வழி: ஆண்டுதோறும் ஏப்ரலுக்குள் மூன்று தவணை, 43,200 ரூபாய், தவணை பிடிக்கும் வங்கிக் கணக்கிலேயே இருக்க வேண்டும். வீட்டில் இருந்தால் தங்காது. படகு இலங்கையில் பிடிபட்டால் என்ன ஆகும் என்பது உங்களுக்கே தெரியும். அதற்கு ஆறு தவணை கையிருப்பு இல்லாமல் இந்தக் கடனில் கையெழுத்துப் போட வேண்டாம். 12 லட்சத்துக்குப் பதில் 8 லட்சத்தில் ஒரு அறையும் அடுப்படியும் கட்டி, மேல் வேலையைப் பின்னால் பார்க்கலாம். 8 லட்சத்துக்குத் தவணை 9,601. தடை முடிந்து மீன்பாடு நன்றாக இருக்கும் மாதங்களில் அசலில் கூடுதலாகக் கட்டுங்கள். தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனுக்கு முன்கூட்டிக் கட்டுவதற்கு அபராதம் வாங்கக் கூடாது.

கணவர் துபாயில் இருக்கிறார். அவருக்கு 1 லட்சம் போனஸ் வந்திருக்கிறது. எங்கள் கடன் 25 லட்சம், 8.5 சதவீதம், 20 வருடம். ஒரு வருடம் ஆகிறது. இப்போதே கட்டவா, எஃப்.டி. போட்டுச் சேர்த்துவைத்துக் கடைசியில் மொத்தமாகக் கட்டவா?
– வாசகி, கீழக்கரை

இப்போதே. முதல் வருட முடிவில் 1 லட்சம் கட்டினால் 21 மாதம் குறையும், வட்டியில் சுமார் 3.65 லட்சம் மிச்சம். அதே 1 லட்சத்தைப் பதினைந்தாவது வருட முடிவில் கட்டினால் ஏழு மாதம்தான் குறையும், மிச்சம் 50,000 ரூபாய்.

இரண்டு நிபந்தனைகள். நகை அடகில் இருந்து, அதன் வட்டி 8.5ஐவிட அதிகமாக இருந்தால் முதலில் நகையை மீட்டுங்கள். அங்கே வேலை போனால் இங்கே ஆறு மாதத் தவணைக்குப் பணம் இருக்கிறதா என்றும் பார்த்துக்கொள்ளுங்கள். பணம் கட்டும்போது "தவணை மாறக் கூடாது, மாதங்களைக் குறைக்கவும்" என்று கடிதம் கொடுத்து நகலில் முத்திரை வாங்குங்கள். சும்மா கணக்கில் போட்டுவிட்டு வந்தால் சில கிளைகளில் தவணையைக் குறைத்துவிடுவார்கள், சில இடங்களில் முன்பணமாக அப்படியே கிடக்கும். அடுத்த மாத ஸ்டேட்மென்ட்டில் அசல் 1 லட்சம் இறங்கியிருக்கிறதா என்று பாருங்கள்.

வங்கியில் 9 சதவீதம் சொல்கிறார்கள். தனியார் ஃபைனான்ஸில் 8 சதவீதம் ஃப்ளாட் என்கிறார்கள். எது மலிவு?
– வாசகர், தொண்டி

வங்கி. ஃப்ளாட் என்றால் நீங்கள் அசலை அடைத்துக்கொண்டே வந்தாலும் முதல் நாள் அசலுக்கே கடைசி வரை வட்டி. 10 லட்சம், 10 வருடம், 8 சதவீதம் ஃப்ளாட் என்றால் வட்டி 8 லட்சம், தவணை 15,000. குறையும் நிலுவைக் கணக்கில் இது 13 சதவீதத்துக்கும் மேல். 2024 அக்டோபர் முதல் வங்கியும் நிதி நிறுவனமும் கடனின் முக்கிய விவரங்களை ஒரே தாளில் தர வேண்டும். அதில் எல்லாக் கட்டணத்தையும் சேர்த்த ஆண்டு சதவீதம் இருக்கும். இரண்டு இடத்திலும் அந்தத் தாளை வாங்கி அந்த ஒரு எண்ணை ஒப்பிடுங்கள். தாள் தரத் தயங்குகிற இடத்தில் கடன் வேண்டாம்.

கடனோடு 75,000 ரூபாய் காப்பீடு எடுத்தே ஆக வேண்டும், கையிலிருந்து தர வேண்டாம், கடனிலேயே சேர்த்துக்கொள்கிறோம் என்கிறார்கள்.
– வாசகர், தங்கச்சிமடம்

கடனில் சேர்த்தால் 8.5 சதவீதத்தில் 20 வருடத்துக்கு அந்த 75,000 உங்களுக்கு 1,56,200 ரூபாய். அவர்கள் காட்டும் பாலிசியையே எடுக்க வேண்டும் என்று கட்டாயப்படுத்த முடியாது. காப்பீடு அவசியம்தான், சம்பாதிப்பவர் போய்விட்டால் கடன் குடும்பத்தின் தலையில் விழும். ஆனால் தனியாக ஒரு டேர்ம் பாலிசி (குறிப்பிட்ட காலத்துக்கான ஆயுள் காப்பீடு) எடுத்து வருடா வருடம் பிரீமியம் கட்டுங்கள். கடனோடு வரும் பாலிசிகளில் பெரும்பாலும் நிலுவை குறையக் குறைய காப்பீட்டுத் தொகையும் குறையும்.

வீடு கட்டிப் பன்னிரண்டு வருடம்தான் ஆகிறது. தளத்தில் சிமென்ட் உதிர்ந்து கம்பி தெரிகிறது. இருக்கும் வீட்டுக் கடனின் மேல் 4 லட்சம் டாப்-அப் கடன் வாங்கலாமா?
– வாசகர், தேவிபட்டினம்

கடற்கரையில் வீட்டுக் கடனின் விலையில் இதையும் சேர்த்துத்தான் பார்க்க வேண்டும். தளம் கொட்டியது வயதால் அல்ல, உப்பால். கம்பி துருப்பிடித்தால் பருத்து, மேலிருக்கும் கான்கிரீட்டைப் பிளந்து தள்ளும். அதன் மேல் பூச்சு பூசினால் இரண்டு மழைக்குத் தாங்காது. உதிர்ந்ததைக் கம்பிக்குப் பின்பக்கம் வரை கொத்தி எடுத்து, துருவைச் சுரண்டி, மெலிந்த கம்பிக்குத் துணைக் கம்பி கட்டி, பிறகுதான் ரிப்பேர் கலவை.

டாப்-அப் வாங்கலாம், ஆனால் பழைய கடனின் மீதி வருடத்தோடு ஒட்டவிடாதீர்கள். 9.5 சதவீதத்தில் 4 லட்சத்துக்கு 5 வருடம் என்றால் தவணை 8,401, மொத்தம் 5.04 லட்சம். 10 வருடம் என்றால் 5,176, மொத்தம் 6.21 லட்சம்.

புதிதாகக் கட்டுகிறவர்களுக்கும் இதில் ஒரு செய்தி உண்டு. கம்பி போட்ட கான்கிரீட்டுக்கு எடுக்கும் தண்ணீரில் லிட்டருக்கு 500 மில்லிகிராமுக்கு மேல் குளோரைடு (உப்பு) கூடாது என்கிறது கான்கிரீட்டுக்கான இந்தியத் தர விதி ஐ.எஸ். 456. நம் பக்கத்துக் கிணறுகளில் பலவற்றை நாக்கில் வைத்தாலே தெரியும். ஒரு கன மீட்டர் கான்கிரீட் கலக்க 180 லிட்டர் போல வேண்டும். 40 கன மீட்டர் பிடிக்கும் வீட்டுக்கு 7,200 லிட்டர். கலவைக்கும் தண்ணீர் காட்டுவதற்கும் நல்ல தண்ணீர் லாரியில் வாங்குவது, பின்னால் வாங்கும் டாப்-அப்பில் சிறு துண்டுகூட ஆகாது. கடற்காற்று நேரே அடிக்கும் வீட்டுக்கு எம்30 தரக் கான்கிரீட்டும் கம்பிக்கு 45 மில்லிமீட்டர் கவரும் (கம்பியை மூடும் கான்கிரீட்டின் கனம்) வேண்டும். கொத்தனார் வழக்கமாக 20 மில்லிமீட்டர் கவர் பிளாக்தான் கொண்டுவருவார். கம்பி கட்டும் நாளில் நீங்களே அளந்து பாருங்கள், தளம் போட்ட பிறகு அளக்க முடியாது.

அடுத்த மாதம் கடைசித் தவணை. எதை எதை வாங்க வேண்டும்?
– வாசகி, ஏர்வாடி

கடன் முடிந்த சான்று, கொடுத்த எல்லா மூலப் பத்திரங்களும், கையெழுத்திட்டுக் கொடுத்த காசோலைகள். கடன் வாங்கிய நாளில் வங்கி தந்த பத்திரப் பட்டியலைக் கையில் எடுத்துப் போய் ஒவ்வொன்றாகச் சரிபாருங்கள். முடிந்த 30 நாளுக்குள் பத்திரங்களைத் தர வேண்டும். அவர்களால் தாமதமானால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் இழப்பீடு என்பது 2023 டிசம்பர் முதல் விதி. பத்திரம் கைக்கு வந்ததோடு வேலை முடியவில்லை. பதிவு அலுவலகத்தில் எம்.ஓ.டி. ரத்துக்கான ரசீது ஆவணத்தை வங்கியோடு சேர்ந்து பதியுங்கள். ஒரு மாதம் கழித்து வில்லங்கச் சான்று எடுத்து, அடமானப் பதிவுக்குக் கீழே ரசீதுப் பதிவும் ஏறியிருக்கிறதா என்று பாருங்கள்.