கேமரா ஓசியில போகுது, இஎம்ஐ மட்டும் நீங்க கட்டுறீங்க

கேள்வி: எட்டு வருஷமா இன்டிபென்டன்ட் படங்களுக்கு கேமராமேனா இருக்கேன். ரெண்டு வருஷம் முன்னாடி அஞ்சு வருஷ லோன்ல சொந்தமா கேமரா வாங்கினேன். மாச இஎம்ஐ ஏழு நாள் கேமரா வாடகைக்கு சமம். போன வருஷம் 96 நாள் ஷூட்டிங், அதுல 31 நாளுக்குத்தான் வாடகை வாங்கினேன், மிச்சம் ஃப்ரெண்ட்ஸ் படம். இஎம்ஐ ரெண்டு தடவை பவுன்ஸ் ஆயிடுச்சு. இப்ப புது மாடலுக்கு எக்ஸ்சேஞ்ச், டாப்-அப் லோன் (இருக்கிற லோன் மேல கூடுதல் லோன்) தர்றோம்னு கூப்பிட்டுக்கிட்டே இருக்காங்க. வாங்கலாமா?

பதில்: வேணாம். சேமிப்பு, இன்சூரன்ஸ்னு பாடம் எடுக்கல, அதெல்லாம் உங்களுக்கே தெரியும். "மிச்சம் ஃப்ரெண்ட்ஸ் படம்"னு போறபோக்குல சொல்லிட்டீங்க பாருங்க, வியாதி அங்கதான் இருக்கு.

கணக்கு பாருங்க. வருஷத்துக்கு 84 நாள் வாடகை வந்தாதான் இஎம்ஐ கட்ட முடியும், வந்தது 31. அந்த 65 நாளுக்கு பாதி வாடகை கேட்டிருந்தாலே 32 நாள் மாதிரி ஆச்சு, மொத்தம் 63. இன்னும் 21 நாள் இடிக்குது. ஆனா வருஷத்துல 269 நாள் கேமரா பெட்டிக்குள்ள தூங்குதே, கேமரா வாடகைக்கு விடுற ஒரு ரென்டல் ஹவுஸ்ல விட்டு அவங்க பாதி எடுத்துக்கிட்டாலும் 42 நாள் வெளிய போனா போதும், துண்டு விழாது.

இனிமே கொட்டேஷன்ல உங்க சம்பளம் தனி லைன், கேமரா வாடகை தனி லைன். "படம் வித்ததும் தர்றேன் மச்சி"ன்னு டைரக்டர் சொன்னா சரின்னுங்க, ஆனா எவ்வளவு, எந்த வருமானத்துல இருந்து, யாருக்கு அப்புறம் உங்களுக்குன்னு கையெழுத்து வாங்கிட்டு சரின்னுங்க. சின்ன படம் வித்து காசு வந்தாலும் பங்கு பிரிக்கிற வரிசையில கேமராமேன் பெரும்பாலும் கடைசியிலதான் நிக்கிறாரு.

கேமராவே இன்வெஸ்ட்மென்ட்னு இப்ப எல்லாரும் பேசுறது ஒரு ஃபேஷன் ஆயிடுச்சு, எனக்கு கேட்டாலே எரிச்சல். கேமரா பாடி, அதாவது லென்ஸ் இல்லாத மெயின் பகுதி, அடுத்த மாடல் வந்ததும் விலை இறங்குற சாமான். லென்ஸாவது தாக்குப்பிடிக்கும், 1970கள்ல வந்த கேனன் கே35 இன்னைக்கும் வாடகைக்குப் போகுது. பெரிய படத்துக்கு எந்த கேமரா வேணுமோ அதை அந்தப் படத்தோட பட்ஜெட்லயே வாடகைக்கு எடுப்பாங்க, உங்களைக் கூப்பிடுறது உங்க லைட்டிங்குக்காக.

திரும்ப போன் வந்தா ரெண்டே விஷயம் எழுத்துல கேளுங்க: பழைய கேமராவுக்கு என்ன விலை போடுறீங்க, இன்னைக்கு லோனை முடிச்சா பாக்கி எவ்வளவு. பாக்கி கூடவா இருந்தா, அந்த வித்தியாசமும் சேர்ந்து புது லோன்லதான் ஏறும், அதுவும் முதல் மாசத்துல இருந்து திரும்ப ஆரம்பிச்சு.